நாடா நின்ற இடம்

காப்பி வாங்கிக்கொண்டு வருகிறேன் என்று லோசனி படியிறங்கிப் போனாள். போகிற போக்கில் திரும்பி, பார்வை நேரத்துக்கு டாக்டர் வந்துவிடுவார், அதற்குள் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள் அப்பா என்றாள். அதட்டலும் இல்லை, கெஞ்சலும் இல்லை. மெல்பர்னிலிருந்து விமானம் மாறி மாறி வந்து, மதுரையில் கார் பிடித்து, காலையில் பெட்டியோடு நேரே ஆஸ்பத்திரி வாசலில் இறங்கியவளின் குரலில் தூக்கமின்மை ஒன்றுதான் மிச்சமிருந்தது. ஒரு வார்த்தை. சரி என்கிற வார்த்தை. அதைச் சொல்லிவிட்டால், அந்தக் கண்ணாடிக் கதவுக்கு அப்பால் மெஷினை நிறுத்தி, உலகம்மாளின் வாயில் செருகியிருக்கும் குழாயை எடுத்துவிடுவார்கள். எடுத்தால் மூச்சு தானாக வராது. டாக்டர் சின்ன வயது, பொறுமையான மனிதர். ஐயா, மூச்சு விடுவது அம்மா இல்லை, மெஷின். மூளை அன்றைக்கே நின்றுவிட்டது, இரண்டு தடவை சோதித்துப் பார்த்துவிட்டோம், இனிமேல் நடப்பது எதுவும் அம்மாவுக்கு நடப்பது இல்லை என்று காலையில் அவர் விளக்கியபோது குற்றாலலிங்கம் தலையை ஆட்டிக்கொண்டே அந்தச் சொற்களின் அடுக்கைக் கவனித்துக்கொண்டிருந்தார். நின்றுவிட்டது, பார்த்துவிட்டோம், இனிமேல். மனைவியின் சாவை ஒருவர் எதிரில் நின்று சொல்லும்போதும் காது வினைச்சொற்களைப் பொறுக்குகிறது, அரிசியில் கல் பொறுக்குகிற மாதிரி. வெட்கமாக இருந்தது. வெட்கத்தை மறைக்கத் தோளில் கிடந்த துண்டின் முனையைக் கை தேடியது. முடிச்சு இருந்தது. வியர்வையில் நனைந்தும் கை பட்டுப் பட்டும் இறுகி, ஒரு புளியங்கொட்டை அளவுக்குச் சுருங்கிப்போன முடிச்சு. காலையில் லோசனி அதைப் பார்த்துவிட்டு, துண்டில் என்னப்பா முடிச்சு என்று கேட்டாள். மாத்திரை என்று சொல்லிவிட்டார். எதிர்ச்சுவரில் அமைதி காக்கவும் என்று ஒரு பலகை. அதற்குக் கீழே வேறொரு கை பேனாவால் அமைதி காக்க என்று திருத்தியிருந்தது. இரண்டில் எது மூலம், எது பிற்பாடம் என்று மனம் அங்கேயும் ஒரு நொடி போய் உட்கார்ந்தது. அடுப்பை அணைத்தேனா. அந்தக் கேள்வி மறுபடியும் வந்தது. உலகம்மாள் விழுந்த அன்று காலையிலிருந்து அது வந்துகொண்டேயிருக்கிறது, யாரும் வாங்காத பொருளை விற்பவன் தெருவில் திரும்பத் திரும்ப வருவது போல.

முடிச்சை அவர் போட்டது அவசரப் பிரிவின் வாசலில், உலகம்மாளைத் தள்ளுவண்டியில் கிடத்தி, எந்தப் பக்கம் கொண்டுபோவது என்று அவர்கள் தங்களுக்குள் பேசிக்கொண்டிருந்த இடைவெளியில். அவளுடைய காதருகே குனிந்து அவர் பொழுதுகட்டைச் சொன்னார். தேவாரம் சொல்கிறார் என்று நினைத்து நர்ஸ் பெண் ஒதுங்கி நின்றாள். பொழுதுகட்டு என்பது செம்மணல் தேரிக்காட்டிலும் உப்பளத்திலும் மலையடிவாரத்து ஆட்டுப்பட்டிகளிலும் மக்கள் வாயில் வழங்கும் ஒரு கட்டு மந்திரம். பாம்பு கடித்தவனை வைத்தியர் வீட்டுக்குக் கொண்டுபோகும் வரை, கெட்ட வேளையில் பிறக்கவிருக்கும் பிள்ளை நல்ல வேளை பார்த்துப் பிறக்கும் வரை, எல்லாவற்றுக்கும் மேலாக, படுத்த கிடையில் விழுந்த உயிர் தூரத்திலிருந்து வரும் மகனையோ மகளையோ பார்க்கும் வரை, பொழுதை நிறுத்திவைக்கும் சொல். ஓடும் பொழுதே ஒருகாலில் நில்லு, ஓடைத் தண்ணியே ஒதுங்கி நில்லு, காட்டுக் காத்தே கதவோரம் நில்லு, போகிற மூச்சே வாசலில நில்லு, வாறவுக வாற வரைக்கும் வாசலில நில்லு. உப்பளத்துக்காரர்கள் ஓடைத் தண்ணி என்பதில்லை, பாத்தித் தண்ணி என்பார்கள். தேரிக்காட்டில் காற்று கதவோரம் நிற்காது, பனைமட்டையில் நிற்கும். எந்த ஊரில் எது, எந்த வாயில் எது, யாருக்குப் பின் யார் மாற்றினார் என்று ஒவ்வொரு பாடத்தையும் எதிரெதிரே வைத்துப் பார்ப்பதிலேயே அவருடைய ஆயுள் போயிற்று. அவருடைய துணிபு ஒன்றுதான். அதைத்தான் மாநாடு மாநாடாகப் போய்ச் சொன்னார். இந்த மந்திரத்தில் எங்கும் முடிந்துபோன செயலைச் சொல்லும் சொல் இல்லை. நின்றது, வந்தது, போயிற்று என்று எந்தப் பாடத்திலும் கிடையாது. எல்லாம் ஏவல், எல்லாம் இப்போது. சொல்கிறவன் கடந்துபோனதைச் சொல்ல மறுக்கிறான்; அவன் மறுக்கும்வரை அந்த வீட்டில் எதுவும் கடந்துபோவதில்லை. மந்திரம் கட்டுவது சூரியனை அல்ல, சுற்றி நிற்பவர்களின் நாக்கை. அதற்கு மேல் அதில் ஒன்றும் இல்லை என்று எழுதியவர் அவர்தான். எழுதியவர்தான் தள்ளுவண்டிப் பக்கம் குனிந்து நின்றார். அந்த நிமிஷத்திலும் எந்தப் பாடத்தைச் சொல்வது என்று ஒரு தயக்கம் வந்தது. ஓடைத் தண்ணியா, பாத்தித் தண்ணியா. பிழையில்லாத முழுப் பாடம் முள்ளிப்பாறை ஆட்டுப்பட்டியில் பேச்சியம்மாள் சொன்னது என்று முடிவு செய்து, அதையே சொல்லி, லோசனி வரும் வரைக்கும் என்று மகள் பேரையும் சேர்த்து, துண்டின் முனையில் முடிச்சுப் போட்டார். லோசனி வந்துவிட்டாள்.

அதுதான் சிக்கல். வரவேண்டியவள் வந்துவிட்டாள். கட்டியதை அவிழ்க்காமல் விடக்கூடாது என்று பேச்சியம்மாள் சொல்லியிருந்தாள். அவிழ்க்காவிட்டால் கட்டுப்பட்ட உயிர் வாசற்படியிலேயே கிடக்கும், உள்ளேயும் இல்லை வெளியேயும் இல்லை, வீட்டுக்காரர்கள் தாண்டித் தாண்டிப் போவார்கள் என்று. அதை அவர் ஓர் அடிக்குறிப்பாகப் போட்டார். மக்கள் நம்பிக்கை என்று முடித்துவிட்டார். இப்போது அந்தக் கண்ணாடிக் கதவுக்கு அப்பால் ஒரு மெஷின் உலகம்மாளின் மார்பை ஏற்றி இறக்குகிறது. ஏறும்போது ஒரு சீறல், இறங்கும்போது ஒரு பெருமூச்சு. உள்ளே போய் நிற்கும்போதெல்லாம் அவருக்கு அது மெஷின் என்று தோன்றவில்லை. தன் துண்டு முனைதான் அங்கே ஏறி இறங்குகிறது என்று தோன்றியது. படித்தவர்தான், பைத்தியம் இல்லை. பைத்தியம் இல்லை என்று தனக்குத்தானே எடுத்துச் சொல்ல வேண்டியிருந்தது. கல்லூரியில் சக ஆசிரியர்கள் அவருக்குப் பொழுதுகட்டி என்று பேர் வைத்திருந்தார்கள்; சாருக்கு வீட்டில் பொழுது போகவில்லை, அதனால் கட்டப் போகிறார் என்று விடுமுறைக்கு முன்னால் ஒருவர் தவறாமல் சொல்வார். உலகம்மாள் அதைக் கேட்டு அவரைவிட அதிகமாகச் சிரித்தாள். பெண்கள் பள்ளியில் கணக்கு டீச்சர் அவள். விடுமுறை விட்டால் அவரோடு கிளம்பிவிடுவாள். மந்திரத்துக்காக இல்லை, பஸ்ஸுக்காக என்பாள். ஜன்னலோரம் உட்கார்ந்து ஊர் பார்க்க வேண்டும், வேறென்ன வைத்திருக்கிறது இந்தக் கல்யாணத்தில். ஆனால் கிளம்புவதற்குள் பஸ் போய்விடும். காரணம் அவள்தான். தெரு முனைவரை வந்துவிட்டு நின்றுவிடுவாள். பின்கதவு? சாத்தியாச்சு. கேஸ்? மூடியாச்சு. மோட்டார்? அணைச்சாச்சு. துளசிக்குத் தண்ணி? ஊத்தியாச்சு, வா. இந்தப் பதில்கள் எல்லாவற்றையும் அவர் வாயால் கேட்டால்தான் அவளுக்கு அடுத்த அடி எடுத்துவைக்க வரும். அவளே தன் கையால் சாத்தியிருந்தாலும் அப்படித்தான். ஒருமுறை அவர் எரிச்சலில் பதில் சொல்லாமல் நடந்தார். அவள் திரும்பி வீட்டுக்கே போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். அன்று பஸ் கண்ணெதிரே புறப்பட்டுப் போயிற்று. "உங்க மந்திரத்தைச் சொல்லி நிப்பாட்டுங்க பாப்போம்" என்றாள் மூச்சு வாங்கிக்கொண்டு. அது பொழுதுக்குத்தான், அரசுப் பேருந்துக்குக் கிடையாது என்று அவர் சொன்னார். சொன்னாரா, அல்லது சொல்லியிருக்கலாம் என்று பின்னால் நினைத்ததா? இந்த ஒரு பாடத்துக்கு ஒப்புநோக்க வேறு சாட்சி கிடையாது. இருந்த சாட்சியின் வாயில் குழாய்.

கரண்டி விழுந்த சத்தம் கேட்டது. இங்கே இல்லை, அன்று காலையில். வராந்தாவில் யாரோ ஒரு பெண் டிபன் டப்பாவின் மூடியைக் கீழே போட்டாள், அவ்வளவுதான். ஆனால் அவர் நாற்காலியின் கைப்பிடியைப் பற்றிக்கொண்டார். அன்று அவர் அறையில் உட்கார்ந்து ஒரு பாடத்தைப் பெயர்த்து எழுதிக்கொண்டிருந்தார். அடுக்களையில் வடகம் பொரியும் வாசனை. கரண்டி விழுந்தது. விழுந்த கரண்டி தரையில் கொஞ்சம் சுழன்று அடங்கியதுகூடக் கேட்டது. எடுத்திருப்பாள் என்று நினைத்தார். வரியின் நடுவில் பேனா நின்றது. வரியை முடித்துவிட்டுப் போவோம் என்று முடித்தார். வரி முடிந்தது. அதற்கப்புறம்தான் வடகம் கருகும் வாசனை. அந்த வரியை முடிக்க எவ்வளவு நேரம் ஆகியிருக்கும். நீளமான வரி இல்லை. நீளமான வரியாக இருந்திருந்தால் தன்னை வெறுத்துக்கொள்ளலாம், சின்ன வரியாக இருந்திருந்தால் மன்னித்துக்கொள்ளலாம். அது இரண்டும் இல்லாத ஒரு வரி. டாக்டரிடம் கேட்டுப் பார்த்தார், சுற்றிவளைத்து, யாரோ ஒருவரைப் பற்றிக் கேட்பது போல. அந்தளவுக்கு ரத்தம் கசிந்தால் பக்கத்தில் ஆள் நின்றிருந்தாலும் ஒன்றும் செய்திருக்க முடியாது ஐயா என்று அவர் சொன்னார். நல்ல மனிதர், அப்படித்தான் சொல்வார். அடுக்களைத் தரையில் அவள் பக்கவாட்டில் கிடந்தாள், கண் திறந்திருந்தது, ஒரு கை அடுப்புமேடைப் பக்கமாக நீண்டிருந்தது. அடுப்பை அணைக்க நீட்டினாளா. அவர் அணைத்தாரா. தூக்குவதற்குப் பக்கத்து வீட்டார் வந்தார்கள், யாரோ வண்டிக்குப் போன் போட்டார்கள், எல்லாரும் பேசினார்கள்; அந்தக் கூட்டத்தில் குமிழைத் திருகியது யார் கை என்று எத்தனை முறை ஓட்டிப் பார்த்தாலும் அந்த இடத்தில் படம் வெள்ளையாக இருக்கிறது. நேற்று உலகம்மாளின் தங்கை தங்கம்மை சங்கரன்கோவிலிலிருந்து வந்து வீட்டைத் திறந்தாள். வந்து இந்த நாற்காலியில் உட்கார்ந்ததும் முதலில் அதைத்தான் சொன்னாள்: கேஸ் மூடித்தான் இருக்கிறது, ஆனால் பின்கதவு மல்லாக்கத் திறந்து கிடந்தது, பூனை புகுந்து பாலைத் தட்டிவிட்டிருக்கிறது, நான்தான் கழுவிவிட்டுச் சாத்தினேன். கேஸ் மூடித்தான் இருக்கிறது. அவருக்கு நேற்றே பதில் கிடைத்துவிட்டது. கிடைத்த பிறகும் கேள்வி நிற்கவில்லை. ஏனென்றால் அந்தக் கேள்வியைக் கேட்பது அவர் இல்லை. அது அவளுடைய கேள்வி. தெரு முனையில் நின்றுகொண்டு கேட்கிறாள். அது தெரியாமல் அவர் அதைத் தன்னுடைய பயம் என்று நினைத்துக்கொண்டிருந்தார். தங்கம்மை மூக்கைச் சிந்திக்கொண்டு, அக்கா எவ்வளவு துப்புரவா இருந்தா அத்தான் என்றாள். இருக்கா என்றார் அவர். அவள் சேலைத் தலைப்பை வாயிலிருந்து எடுத்துவிட்டு அவரைப் பார்த்தாள். "இப்பவுமா அத்தான் திருத்துதீங்க?" கோபம் இல்லை அதில். அப்புறம் அவளும் சிரமப்பட்டு, ஒவ்வொரு வாக்கியத்தையும் பிடித்துத் திருப்பி, அக்கா இருக்கா, அக்கா சொல்லுவா, அக்காவுக்குப் பிடிக்கும் என்று பேச ஆரம்பித்தாள். நாக்கைக் கட்டிவிட்டார். அவருடைய துணிபுக்கு இதைவிடப் பெரிய நிரூபணம் வேண்டியதில்லை.

அவிழ்க்க வேண்டும். அவிழ்ப்பது எப்படி என்று தெரியாது. பொழுதுகட்டைப் பற்றி உயிரோடு இருப்பவர்களில் அதிகம் தெரிந்தவர் என்று விழா மேடையில் பொன்னாடை போர்த்தப்பட்ட மனிதருக்கு அவிழ்ப்பு தெரியாது. சேகரிக்கவில்லை. சேகரிக்க அங்கே ஒன்றும் இல்லை என்று நினைத்தார். பேச்சியம்மாள் முந்தானையில் முடிச்சுப் போட்டபடி ராகத்தோடு சொல்வாள், கடைசி நில்லு வரும், ராகம் இறங்கும், அவர் டேப்ரிக்கார்டரின் விசையை அழுத்திவிடுவார். டக். கேசட் விலையை நினைத்து அல்ல; பாட்டு முடிந்துவிட்டது, அதற்குமேல் வருவது பேச்சு என்பதால். முடிச்சை அவிழ்த்துக்கொண்டே அவள் ஏதோ சொல்வாள், சாதாரணக் குரலில், வீட்டில் யாரிடமோ வீட்டு வேலை சொல்வது போல. மற்ற ஊர்களிலும் அப்படித்தான். எல்லா நாடாவிலும் நில்லு, டக். ஓர் அறிஞன் தன் எல்லையைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்று வகுப்பில் சொல்வார்; பாடல் எங்கே முடிகிறது என்று தெரியாதவன் குப்பையெல்லாம் கொண்டுவருவான் என்பார். ஒரே ஒரு நாடாவில் அவருடைய விரல் அரை நொடி தாமதித்துவிட்டது. முள்ளிப்பாறை நாடா. நில்லு என்பதற்குப் பிறகு பேச்சியம்மாளின் குரல், ராகமில்லாமல், ஆடு எல்லாம் என்று தொடங்கும். டக். வகுப்பில் அதைப் போட்டுக் காட்டும்போது பிள்ளைகள் அந்த இடத்தில் சிரிப்பார்கள், அவரும் சிரிப்பார், பாவம், ஆடு பட்டியை விட்டு வெளியே போய்விட்டது போலிருக்கிறது என்பார். வீட்டில் அது ஒரு வழக்காகவே ஆகிவிட்டது. சினிமா பார்த்துக்கொண்டிருக்கும்போது கரண்டு போனால் இருட்டில் லோசனி, ஆறேழு வயசு அப்போது, ஆடு எல்லாம் என்பாள். உலகம்மாள் டக் என்பாள். விருந்தாளி ஒரு பேச்சைப் பாதியில் விட்டுவிட்டு எழுந்தால் தாயும் மகளும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். முள்ளிப்பாறையில் அந்த நாடாவைப் பதிந்துவிட்டுத் திரும்பி வந்த பஸ்ஸில்தான் உலகம்மாள் கேட்டாள். அவர் மடியில் கேசட்டுகளை வைத்து, எந்த ஊர், சொன்னவர் யார் என்று மேலே ஒட்டுத்தாளில் எழுதிக்கொண்டிருந்தார். கடைசியில் அவள் ஒன்று சொன்னாளே, அதைப் பிடித்தீர்களா? அது பேச்சு, பாட்டு இல்லை என்றார் நிமிராமல். ஆனால் முடிச்சு அதைச் சொன்ன பிறகுதானே அவிழ்ந்தது என்றாள் அவள். அதற்கப்புறமும் ஏதோ சொன்னாள், ஜன்னல் பக்கம் திரும்பி, விரிவாக. பஸ் எதற்கோ ஒதுங்கியது, பேனா இழுத்துவிட்டது, அவர் அந்தத் தாளைக் கிழித்துப் புதிதாக ஒட்டினார். கடைசியாக அவள் சொன்ன வாக்கியம் மட்டும் காதில் விழுந்தது, ஏனென்றால் அதைச் சொல்லும்போது அவள் இந்தப் பக்கம் திரும்பியிருந்தாள். "முடிக்கும்போது பேரைச் சொல்லி, போ-ன்னு சொல்லுதா. போயிட்டு வா-ன்னு இல்ல. வெறும் போ. நம்ம வாயில வருமா அது?" வராது. அவர்கள் வீட்டில் கடைக்குப் போகிறவனைக்கூடப் போ என்று சொன்னதில்லை. போயிட்டு வா. சாவு வீட்டிலிருந்து எழுந்து வரும்போது மட்டும் சொல்லிக்கொள்ளாமல் வருவார்கள். பேரும் போவும் தெரியும். நடுவில் இருந்தது போய்விட்டது. ஜன்னல் காற்றோடு போயிற்று. பேச்சியம்மாள் போய்ச் சேர்ந்து வெகுகாலம் ஆகிறது. நடுவில் இருந்ததைக் கேட்ட காது ஒன்றே ஒன்றுதான் மிச்சம். அதன் பக்கத்தில்தான் அவர் குனிந்து கட்டினார். உலகு, அன்றைக்கு என்ன சொன்னே. மறுபடி ஒருதரம் சொல்லு. இந்தத் தடவை எழுதவில்லை, பேனா இல்லை, பார், கை வெறுங்கை. சொல்லு.

லோசனி வந்துவிட்டாள். ஒரு கையில் இரண்டு காகிதக் கோப்பைகள், மறுகையில் காதோடு ஒட்டிய போன். மெல்பர்னில் இருக்கும் புருஷனிடம் பேசிக்கொண்டே வந்தாள், ஆமா, இன்னும் இல்ல, அப்பாகிட்ட, என்று சொல்லிக்கொண்டிருந்தபோது இணைப்பு அறுந்துவிட்டது. போனை எடுத்து முகத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே, யோசிக்காமல், கைப்பழக்கம் போல, "ஆடு எல்லாம்" என்றாள். சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவளுக்கே தெரிந்தது. அவளுக்குப் பதில் சொல்லவேண்டிய ஆள் உள்ளே இருந்தாள். யாரும் டக் என்று சொல்லவில்லை. லோசனி கோப்பைகளை நாற்காலியில் வைத்துவிட்டு, அவர் தோளில் நெற்றியை முட்டிக்கொண்டு நின்றாள். அவளுடைய முதுகு குலுங்கியது, சத்தம் வரவில்லை. அவர் அவள் தலையில் கை வைத்தபடி எதிர்ச்சுவரைப் பார்த்தார். யாரும் டக் என்று சொல்லாததால் அந்தக் குரல் நிற்கவில்லை. ஆடு எல்லாம் அடைஞ்சாச்சு. அப்படித்தானே போயிருக்க முடியும் அது. ஆடு எல்லாம் பட்டியில அடைஞ்சாச்சு. பேச்சியம்மாள் யாருக்கும் வேலை சொல்லவில்லை. கிடையில் கிடப்பவரிடம் சொல்கிறாள். பஸ் ஜன்னலும், இழுத்துவிட்ட பேனாவும், கிழித்த தாளும் அப்படியே இருக்க, அவற்றுக்குப் பின்னாலிருந்து உலகம்மாளின் குரல் இப்போது சாவதானமாக வந்தது: ஊருக்குப் போறவுக கிட்டச் சொல்லுத மாதிரில்லா சொல்லுதா. இன்னது ஆச்சு, இன்னது ஆச்சு, இனி நாங்க பாத்துக்கிடுதோம்னு. என்னையக் கணக்கா ஒருத்தி படியில நின்னு கேட்டிருப்பா போல. அதைச் சொல்லிவிட்டு அவள் சிரித்தாள். சிரித்ததுகூட இருக்கிறது. அவர் அப்போது தாளை ஒட்டிக்கொண்டிருந்தார். ஒவ்வோர் ஊரிலும் விசையை அழுத்திய இடத்துக்கு அப்பால் அதுதான் இருந்திருக்கிறது. உப்பளத்தில் பாத்தியை அடைச்சாச்சு என்றிருக்கும், தேரிக்காட்டில் பாளையைச் சீவியாச்சு என்றிருக்கும். ஆச்சு, ஆச்சு, ஆச்சு. முடிந்ததைச் சொல்லும் சொல் மந்திரத்தில் இல்லை என்று ஆயுள் முழுக்க நிறுவினாரே, அதெல்லாம் விசைக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டிருந்திருக்கிறது. அதற்கு மனப்பாடம் கிடையாது. அதை யாரிடமும் போய்ச் சேகரிக்க முடியாது. அந்தந்த வீட்டில் அந்தந்தச் சொல். காப்பி ஆறுதுப்பா என்றாள் லோசனி, முகத்தைத் துடைத்துக்கொண்டு. அவர் ஒரு வாய் குடித்தார். சர்க்கரை அதிகம். உலகம்மாள் குடித்திருந்தால் கீழே போய்ச் சொல்லிவிட்டு வந்திருப்பாள். இருந்தால், குடித்திருந்தால். சொல் தானாகவே அந்தப் பக்கம் சாய்ந்துவிட்டது. இந்தமுறை அவர் அதை நிமிர்த்தவில்லை.

கதவைத் திறந்தார்கள். செருப்பைக் கழற்றிவிட்டு, அவர்கள் கொடுத்த பச்சை அங்கியை மாட்டிக்கொண்டு அவரும் லோசனியும் உள்ளே போனார்கள். டாக்டர் கட்டிலின் கால்மாட்டில் நின்றுகொண்டிருந்தார்; ஐயா என்றார். கொஞ்சம் இருங்க என்று குற்றாலலிங்கம் சொன்னார். அங்கிக்குள் கைவிட்டுத் துண்டின் முனையை வெளியே இழுத்து, கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்து, முடிச்சில் நகத்தைக் கொடுத்தார். அசையவில்லை. கொடுங்கப்பா என்று லோசனி கை நீட்டினாள். வேண்டாம், கட்டினவன்தான் அவுக்கணும் என்றார். மாத்திரை இல்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. அவள் அவருடைய ஆராய்ச்சியோடு வளர்ந்த பிள்ளை, ஒன்றும் கேட்காமல் அம்மாவின் காலைப் பிடித்துக்கொண்டாள். மெஷின் சீறியது, பெருமூச்சு விட்டது. அவர் முடிச்சைப் பல்லால் கடித்தார். உப்புக் கரித்தது. ஓர் இழை நெகிழ்ந்தது, அதன் வழியே இன்னொன்று, பிறகு துண்டு கசங்கிய துண்டாக அவர் மடியில் விழுந்தது. அவர் குனிந்தார். அன்று குனிந்த அதே காது. காதோரம் நரைமுடியில் யாரோ ஒட்டியிருந்த பிளாஸ்திரி. தெரு முனையில் அவள் நின்றுகொண்டிருந்தாள், கையில் பை, ஜன்னலோர ஆசையில் அவசரம், ஆனால் அடுத்த அடி எடுத்துவைக்க முடியாமல்.

"உலகு" என்றார். "பின்கதவு சாத்தியாச்சு. தங்கம்மை சாத்திட்டா. கேஸ் மூடியாச்சு. மோட்டார் அணைச்சாச்சு." குரல் ராகமில்லாமல், வீட்டில் பேசுகிற குரலாகவே வந்தது. "துளசிக்குத் தண்ணி ஊத்தியாச்சு. லோசனி வந்தாச்சு, பக்கத்துலதான் நிக்கா. கரண்டி விழுந்தது கேட்டுச்சு, உலகு. நான் எந்திரிச்சு வந்துட்டேன்." ஒன்றுதான் பாக்கி. வாய் பழக்கத்தில் போயிட்டு என்று குவிந்தது. அதை அவர் விழுங்கினார். மெஷின் ஒருமுறை ஏற்றி இறக்கியது.

"நீ போ."

கால்மாட்டிலிருந்து லோசனி, அழுகையோடு, "போயிட்டு வாம்மா" என்றாள். ஆயுள் முழுக்கப் பாடங்களைத் திருத்தியவர் அதைத் திருத்தவில்லை. இருக்கட்டும். அவள் வாயில் அப்படித்தான் வரும். அவர் டாக்டரைப் பார்த்துத் தலையை அசைத்தார்.

டாக்டர் கை நீட்டி மெஷினில் ஒரு விசையை அழுத்தினார். சின்னச் சத்தம்தான், குற்றாலலிங்கத்துக்கு நன்றாகப் பழகிய சத்தம். இந்தமுறை பேச்சு முழுவதும் முடிந்த பிறகுதான் அது கேட்டது.